அநுமதி தந்தவர் பொறுப்பு

கேமரன் மலைத் தோட்டங்களை விட்டு நீங்கிச் சேமநிதிப் பணத்தால் சரிவில் ஒரு வீடு கட்ட நினைப்போர் நம்மில் பலர். 1974ஆம் ஆண்டின் தெரு, வடிகால், கட்டடச் சட்டப்படி அதற்கு அநுமதி வேண்டும். அஃதின்றேல் இடிக்கவும் சட்டம் இடந்தருகிறது. அநுமதி தந்தோர் தவறினாலோ? கோலாலம்பூரை அடுத்த உலு கிள்ளானில் நிகழ்ந்ததைக் காண்போம்.

அங்கு மலையடியில் நின்ற ஹைலண்ட் டவர்ஸ் அடுக்கு மாளிகைகள் மூன்றனுள் ஒன்று 1993 டிசம்பர் 11ஆம் நாள் சரிந்து, 48 பேர் மாண்டனர். மேட்டில் ஓடிய ஓடையைத் திசைதிருப்பிக் குழாயில் அடைத்திருந்தனர். மண்ணைத் தாங்கும் சுவர்களோ உறுதியற்றவை. எஞ்சிய இரண்டு மாளிகைகளின் வீட்டுடைமையாளர், வீடிருந்தும் குடியிருக்க இயலாதவராய், கட்டியோர் மீதும் அம்பாங் ஜெயா நகராண்மைக் கழகத்தின் மீதும் வழக்குத் தொடுத்தனர்.

உயர்நீதிமன்றம் 2000இல் கழகத்துக்கு நூற்றுக்கு 15 பங்கு பொறுப்புண்டெனக் கண்டது. ஆனால், வரைபடத்தை ஏற்றமைக்கும் பணிகளைப் பார்வையிட்டமைக்கும் அதன்மேல் வழக்காடவொண்ணாது என்று அதே சட்டத்தின் 95(2)ஆம் பிரிவு காத்து நின்றது. விபத்துக்குப் பின் மலையைச் சீர்படுத்தாத குற்றமே எஞ்சியது. 2006 பிப்ரவரியில் கூட்டரசு நீதிமன்றம் அதனினின்றும் கழகத்தை விடுவித்தது. இழப்பீடு கொடுக்கப் புகுந்தால் பொதுமக்களுக்குரிய பணிகளுக்குப் பணமிராதென்பது அங்கே கூறப்பட்ட காரணங்களுள் ஒன்று. வீடிழந்து நின்றோரும் அக்கழகத்துக்கு வரி செலுத்தியவரன்றோ!