பேர் வராத கலை இயக்குநர்

இன்னைக்கு பாரிஸ்ல இருந்து ஆரம்பிக்கலாம்.

அங்கே சேன் மார்த்தன் கால்வாய்க் கரையில 'ஹோட்டல் து நோர்'னு ஒரு பழைய கட்டடம் இருக்கு. அதே பேர்ல மார்செல் கார்னே 1938ல ஒரு படம் எடுத்தார். படத்தால அந்த இடம் அவ்வளவு பிரபலம். கட்டடத்தை இடிக்கிற பேச்சு வந்தப்போகூட முகப்பைக் காப்பாத்திட்டாங்க. ஆனா வேடிக்கை என்னன்னா, படத்துல நாம பார்க்கிற கால்வாய், பாலம், ஹோட்டல் எல்லாமே செட்! பிலான்கூர் ஸ்டூடியோ பக்கத்துல மண்ணைத் தோண்டி, தண்ணி விட்டுக் கட்டினது.

கட்டினவர் அலெக்சாந்தர் த்ரோனர். பிரெஞ்சுக்காரரே இல்ல. 1906ல புடாபெஸ்ட்ல பிறந்த ஹங்கேரிய யூதர். ஓவியம் படிச்சவர். 1929ல பாரிஸ் வந்தார். அங்கே லசார் மீர்சன்ங்கிற கலை இயக்குநர்கிட்ட உதவியாளரா தொழில் கத்துக்கிட்டார். மீர்சனும் வெளியில இருந்து வந்தவர்தான், ரஷ்யாவில் பிறந்தவர்.

கார்னே இயக்கம், கவிஞர் ழாக் ப்ரெவேர் எழுத்து, த்ரோனர் செட். இந்தக் கூட்டணி கொடுத்த பனி மூடின துறைமுகமும் ஈரத் தெருக்களும்தான் அன்றைய பிரெஞ்சு சினிமாவோட முகமாவே ஆச்சு.

அப்புறம் போர். 1940ல பிரான்ஸ் ஜெர்மனியிடம் தோற்றது. அந்த அக்டோபர்லயே விஷி அரசு சட்டம் போட்டு யூதர்களை சினிமாத் துறையிலிருந்து ஒதுக்கியது. த்ரோனர் தெற்கே போய், நீஸ் நகரத்துக்கு மேல இருக்கிற மலைப்பகுதியில் ஒளிஞ்சு வாழ்ந்தார்.

ஆனா வேலை நிற்கல. 1943ல கார்னே 'சொர்க்கத்தின் குழந்தைகள்' படத்தைத் தொடங்கினார். 19ஆம் நூற்றாண்டு பாரிஸ்ல நாடகக் கொட்டகைகள் நிறைஞ்ச ஒரு தெருவை, நீஸ்ல இருந்த ஸ்டூடியோவில் முழுசா எழுப்பணும். வரைஞ்சது மலையில ஒளிஞ்சிருந்த த்ரோனர். அதை வெளியே தன் பேர்ல கட்டினது லியோன் பர்சாக். இசையிலும் இதே கதைதான். ஜோசப் கோஸ்மாவும் ஹங்கேரிய யூதர், அவரும் மறைஞ்சிருந்தே வேலை செய்தார்.

கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. வாழ்க்கையிலேயே பெரிய வேலை. ஆனா பேர் வெளியே தெரிஞ்சா உயிருக்கே ஆபத்து. வாயைத் திறக்காம இருந்த அத்தனை பேரோட உயிரும் பணயத்துலதான் இருந்தது.

படம் 1945 மார்ச்ல வெளியானது. அதுக்குள்ள பாரிஸ் விடுதலை ஆகியிருந்தது. டைட்டில்ல இந்த ரெண்டு பேரும் தலைமறைவா இருந்து பங்களிச்சாங்கன்னு வெளிப்படையாவே போட்டாங்க. சினிமா டைட்டில்ல இப்படி ஒரு வரி ரொம்ப அபூர்வம்.

பிறகு த்ரோனர் ஹாலிவுட் போனார். பில்லி வைல்டரோட 'தி அபார்ட்மென்ட்' (1960) பார்த்திருக்கீங்களா? முடிவே இல்லாம நீளுற அந்த ஆபீஸ்? அது கண்கட்டு வித்தை. பின்னால போகப்போக மேஜைகள் சின்னதாகும். அங்கே உட்காருற ஆட்களும் சின்னதாவாங்க. கடைசியில வெறும் அட்டை உருவங்கள். இந்தப் படத்துக்கு ஆஸ்கர் கிடைச்சது. செட்டை வடிவமைச்ச த்ரோனருக்கும், அதுக்குள்ள பொருட்களை அடுக்கி அலங்கரிச்ச எட்வர்ட் பாயிலுக்கும் சேர்த்து.

அதுக்கு அப்புறமும் அவர் ஓயல. லுக் பெசோனின் 'சப்வே' (1985) படத்துக்கு செட் போட்டப்போ அவருக்கு வயசு எழுபதைத் தாண்டியிருந்தது. 1993ல இறந்தார். நார்மண்டியில ஒரு சின்ன கிராமத்துக் கல்லறையில, நண்பர் ப்ரெவேர் பக்கத்துலயே இருக்கார்.

செட் நல்லா இருந்தா அது செட்டுன்னே நமக்குத் தெரியாது. அதனால கட்டினவங்க பேரும் நமக்குத் தெரியறதில்ல. த்ரோனர் விஷயத்துல ஒரு காலத்துக்கு அந்த மறைவுதான் அவர் உயிரையே காப்பாத்துச்சு. போர் முடிஞ்சதும் நண்பர்கள் செய்த முதல் நியாயம், அவர் பேரைத் திரையில போட்டது.

அடுத்த தடவை படம் முடிஞ்சதும் உடனே எழுந்திரிக்காதீங்க. ரெண்டு நிமிஷம் அந்தப் பேர்களைப் படிங்க. அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.