வீதியைப் படமெடுத்த சஞ்சிகை

1964 செப்டம்பர். ஒலிம்பிக் தொடங்கச் சில வாரங்களே இருந்தன. ரோக்கியோவின் கின்சா பகுதியில் பொலிஸார் இளைஞர்களை மடக்கிப் பிடித்தார்கள். கணுக்காலுக்கு மேல் ஏறிய காற்சட்டையும் கொலரில் பொத்தான் வைத்த சட்டையுமாக மியுகி வீதியில் வெறுமனே சுற்றித் திரிந்ததுதான் அவர்கள் செய்த குற்றம். அது அமெரிக்கக் கல்லூரி மாணவர்களின் உடை. 'மென்ஸ் கிளப்', அந்த ஏப்ரலில்தான் தொடங்கியிருந்த 'ஹெய்பொன் பஞ்ச்' போன்ற சஞ்சிகைகளைப் பார்த்து அதைக் கற்றிருந்தார்கள். வெள்ளைக்காரர் வந்து பார்க்கும்போது ஊர் ஒழுங்காக இருக்கவேண்டும் என்று, வெள்ளைக்காரரைப்போல உடுத்தியவர்களைப் பிடித்துப்போன கதை இது.

எழுபதுகளிலும் சஞ்சிகை சொன்னது, வீதி உடுத்தியது. 'அன்அன்', 'நொன்நொ' இரண்டையும் கையில் வைத்துக்கொண்டு கியோத்தோவுக்குப் பயணம்போன பெண்களுக்கு 'அன்நொன் கூட்டம்' என்றே பெயர் விழுந்தது.

இந்த ஓட்டத்தைத் திருப்பியவர் ஷொய்ச்சி அஒகி என்று நினைக்கிறேன். 1985இல் அவர் தொடங்கிய 'ஸ்ட்ரீட்', லண்டன், பாரிஸ் வீதிகளை யப்பானியருக்குக் காட்டியது. பிறகு ஹரஜுகுவில், கிமோனோத் துண்டுகளையும் மேற்கத்தைய உடைகளையும் தாமே தைத்தவற்றையும் கலந்து உடுத்திய பெண்களைக் கண்டார். 1997இல் 'ஃப்ரூட்ஸ்' பிறந்தது. ஒரு பக்கத்துக்கு ஒரு படம், தலையிலிருந்து சப்பாத்து வரை. கீழே வயது, தொழில், எந்த உடுப்பு எங்கே வாங்கியது என்ற விபரம். 'பழைய உடுப்புக் கடை', 'நானே தைத்தது' என்ற குறிப்புகளைத்தான் நான் முதலில் தேடுவேன். அடுத்த மாதம் என்ன வாங்கவேண்டும் என்று அந்தச் சஞ்சிகை எவருக்கும் கட்டளையிடவில்லை. ஆனால் தன் படமும் வராதா என்று உடுத்திக்கொண்டு வந்து நின்றவர்களும் உண்டு. கமெரா இருக்கிற வீதி சும்மா இருக்குமா?

ஞாயிற்றுக்கிழமைகளில் வாகனங்களை நிறுத்திவிட்டு வீதியை நடப்பவர்களுக்கு விடும் வழக்கம் அங்கே 1998இல் முடிந்தது. சஞ்சிகைக்கு அப்போது ஒரு வயதுதான். 2008இல் எச் அண்ட் எம்மும் மறு ஆண்டில் ஃபொரெவர் 21உம் ஹரஜுகுவில் கடை திறந்தன. 2017இல் அஒகி 'ஃப்ரூட்ஸை' நிறுத்தினார். படமெடுக்கத் தகுந்த பிள்ளைகள் இப்போது இல்லை என்றார். எனக்கு அது பாதிதான் சரி. காட்டில் மான் இல்லை என்று வேட்டைக்காரன் சொன்னால், மான்களையும் கேட்கவேண்டும். அவர்கள் கையில் தங்கள் படத்தைத் தாங்களே எடுத்து வெளியிடும் தொலைபேசி வந்துவிட்டிருந்தது.

2001இல் ஃபைடன் பதிப்பகம் அந்தப் படங்களை நூலாக்கியது. லண்டனை ரோக்கியோவுக்குக் காட்டிய மனிதரின் ரோக்கியோவை இப்போது லண்டன் பார்த்தது. அதில் பதினேழு, பதினெட்டு வயது என்று போட்டிருப்பவர்களுக்கு இன்று நாற்பது தாண்டியிருக்கும். தாமே தைத்த அந்த உடுப்புகளை வைத்திருக்கிறார்களோ, எறிந்துவிட்டார்களோ.