முப்பதாண்டு உறங்கிய விடை

1959ஆம் ஆண்டில் சோவியத் நாட்டின் இளம் இயற்பியலாளர் யெவ்கேனி வெலிகோவ் ஓர் ஆய்வுரையை வெளியிட்டார். அப்போது அவருக்கு அகவை 24. ஒன்றனுள் ஒன்றாக நின்று சுழலும் இரண்டு உருளைகளுக்கு இடையே மின்கடத்தும் நீர்மம் ஒன்று சுழல்கிறது. அதனூடே காந்தப்புலமும் உள்ளது. அவ்வோட்டம் ஒழுங்கு குலையாமல் நிலைக்குமா என்பதே அவர் எடுத்துக்கொண்ட வினா. அடுத்த ஆண்டே அமெரிக்காவில் சுப்பிரமணியன் சந்திரசேகர் அதே வினாவை ஆராய்ந்து அதே முடிவை எய்தினார். நீர்ம ஓட்டங்களின் நிலைப்பாடு பற்றி 1961இல் வெளிவந்த தம் பெருநூலிலும் அதனைச் சேர்த்தார். அறுநூறு பக்கங்களை விஞ்சிய அந்நூலை ஆய்வாளர் பலரும் போற்றிப் பயின்றனர். ஆயினும் விண்ணியலின் பெரும்புதிர் ஒன்றுக்கான விடை அதனுள் கிடந்ததை ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் விண்ணியலுலகம் உணரவில்லை.

சந்திரசேகர் 1910இல் லாகூரில் தமிழ்க்குடும்பத்தில் பிறந்தவர். சென்னை மாநிலக் கல்லூரியில் பயின்றவர். அவருடைய அன்னையார் சீதாலட்சுமி, இப்சனின் 'பொம்மை வீடு' நாடகத்தைத் தமிழில் பெயர்த்தவர் என்பது இலக்கிய அன்பர்கள் நினைவிற்கொள்ளத்தக்கது. ஒரு துறையில் ஆண்டுக்கணக்கில் ஆழ்ந்து, அதனை ஒரு நூலில் முற்றுவித்து, பின் வேறொரு துறைக்குப் பெயர்ந்துவிடுவது அவர் இயல்பு. நிலைப்பாட்டு நூலை முடித்தபின் அவர் வேறு துறைகளுக்குச் சென்றார்; நூல் தன்போக்கில் நின்றது.

அம்முடிவின் வியப்பை உணர, முதற்கண் ரேலி பெருமகனாரின் விதியை அறிதல் வேண்டும். சுழலும் ஓட்டத்தில், மையத்தினின்று விலக விலகக் கோண உந்தம் மிகுமாயின் ஓட்டம் நிலைபெறும் என்பது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் நிறுவியது. கோண உந்தமாவது சுழலும் பொருளின் விரைவும் தொலைவும் நிறையும் கூடிய அளவு. வியாழன் கதிரவனைச் சுற்றிவர ஏறத்தாழ 12 ஆண்டுகள் எடுத்துக்கொள்கிறது. புவிக்கோ ஓராண்டே போதும். ஆயினும் ஒத்த நிறைக்கு வியாழனின் கோண உந்தம் புவியினுடையதைப்போல் இருமடங்குக்கும் மேல். ஆகவே கோள்களைப்போலச் சுழலும் வளி வட்டும் ரேலியின் விதிப்படி அமைதியாகவே சுழல வேண்டும். வெலிகோவும் சந்திரசேகரும் கண்டது வேறு. காந்தப்புலம் இருந்தால், பார்க்கவேண்டியது கோண உந்தத்தை அன்று, சுற்றும் கதியை. வெளிநோக்கிச் செல்லச் செல்ல அக்கதி தளருமாயின் ஓட்டம் குலையும். புலம் எத்துணை நலிந்ததாயினும், இன்மையை நெருங்கும் அளவுக்குக் குறைந்தாலும், ரேலியின் விதி மீள்வதில்லை.

இதனிடையே விண்ணியலார் வேறொரு துன்பத்தில் உழன்றனர். 1963இல் மார்ட்டின் ஷ்மிட் ஒரு குவேசாரின் பெருந்தொலைவை அளந்து காட்டினார். அவ்வளவு ஒளி எங்கிருந்து பிறக்கிறது? கருந்துளையைச் சூழ்ந்து வட்டாகச் சுழலும் வளி உள்ளே விழும்போது வெளிப்படும் ஆற்றலே அது என 1969இல் லிண்டன்-பெல் உரைத்தார். ஆனால் வளி எவ்வாறு விழும்? கோண உந்தத்தை யாரிடமேனும் ஒப்படைத்தாலன்றி அஃது உள்ளே செல்ல இயலாது. வளியின் இயல்பான பாகுநிலையோ மிகச் சிறிது. அதனை மட்டும் நம்பினால் அண்டத்தின் வயதும் போதாது. கொந்தளிப்பு ஒன்று இருந்தாக வேண்டும். 1973இல் ஷகூராவும் சுன்யாயேவும், கொந்தளிப்பும் காந்தப்புலமும் காரணமாகலாம் எனக் கருதி, அவற்றின் வலிமையை 'ஆல்பா' என்னும் ஒரே கிரேக்க எழுத்தால் குறித்தனர். அறியாததற்கு ஓர் எழுத்தை இட்டு, அறிந்தவற்றைக் கணக்கிட்டுச் செல்லும் அத்துணிவு பெரிதும் பயன்பட்டது. ஆனால் எழுத்து காரணமாகிவிடாது. கொந்தளிப்பை மூட்டுவது யாது என்ற வினா 18 ஆண்டுகள் அப்படியே நின்றது.

1991இல் வர்ஜீனியாப் பல்கலைக்கழகத்தின் ஸ்டீவன் பால்பஸும் ஜான் ஹாலியும் விடை தந்தனர். வட்டில் அருகருகே உள்ள இரண்டு வளித்துணுக்குகளைக் காந்தக்கோடு ஒன்று மெல்லிய சுருள்வில்லைப்போல் பிணைத்திருப்பதாகக் கொள்வோர்க்கு அது விளங்கும். உள்துணுக்கு முந்துகிறது, வெளித்துணுக்கு பிந்துகிறது, வில் நீள்கிறது. நீண்ட வில் முந்தியதைப் பின்னிழுக்க, அது கோண உந்தத்தை இழந்து இன்னும் உள்ளே சரிகிறது. உள்ளே சரிந்தது முன்னினும் விரைந்து சுற்றும்! பிந்தியதோ உந்தத்தைப் பெற்று வெளியே விலகி மேலும் தளர்கிறது. வில் மேலும் நீள்கிறது. சேர்த்துக் கட்டவேண்டிய கயிறே பிரித்து எறிகிறது. வட்டு ஒருமுறை சுற்றி முடிவதற்குள் அச்சிறு விலகல் நூறு மடங்கு வளரக்கூடும். புலம் மிக வலிதாயின் வில் விறைத்து, துணுக்குகளைப் பழைய இடத்துக்கே மீட்டுவிடும். நலிந்த புலமே குலைக்க வல்லது. நலிந்தது என்ன செய்துவிடும் என்ற பொது எண்ணமே விடையை நெடுநாள் மறைத்தது எனலாம். உருளையை ஆராய்ந்தவர் வட்டை எண்ணவில்லை. வட்டை எண்ணியவர் உருளையைத் தேடிச் செல்லவில்லை.

பால்பஸும் ஹாலியும் முன்னோர் இருவரையும் தம் ஆய்வுரைகளில் பெயர்சொல்லிப் போற்றினர். 2013இல் ஷா பரிசு பெற்றனர். சந்திரசேகர் நம்மவர் என்பதால் முழுப்பெருமையையும் அவருக்கே சூட்டுவது முறையன்று. அவர் சமன்பாட்டைக் கண்டார். அது விண்ணில் நிகழ்வதைக் காட்டியவர் பிறர். அவருக்கும் ஓராண்டு முந்தியவர் வெலிகோவ்.

இவ்விடை எல்லா வட்டுகளுக்கும் பொருந்துவதன்று. கோள்கள் உருவாகும் குளிர்ந்த வட்டுகளின் உட்பகுதியில் வளி மின்கடத்தாமையால் காந்தப்பிடி தளர்ந்துவிடும் என 1996இல் சார்லஸ் காமி எடுத்துக்காட்டினார். அங்கு வளியை உள்ளிழுப்பது எது என்னும் ஆய்வு இன்றும் தொடர்கிறது.

புவியில் இதனைக் கண்ணாரக் காணும் முயற்சியும் நெடிதாயிற்று. அமெரிக்காவின் பிரின்ஸ்டன் ஆய்வகத்தில், சுழலும் இரண்டு உருளைகளுக்கு இடையே காலியம் கலந்த நீர்ம உலோகத்தை நிரப்பி, காந்தப்புலத்தைச் செலுத்திப் பல ஆண்டுகள் சோதித்தனர். நிலையின்மை தோன்றியதற்கான சான்றை 2022இல் அறிவித்தனர். ஹாலி அதற்கு முந்திய ஆண்டில் மறைந்திருந்தார். சந்திரசேகர் மறைந்து 27 ஆண்டுகள் ஆகியிருந்தன. உருளைகளைப் பற்றி 24 அகவையில் எழுதிய வெலிகோவ், 87 அகவையினராய் அச்செய்தி வந்தபோது வாழ்ந்திருந்தார். 2024இல் அவரும் மறைந்தார்.