70 முதல் 162 வரை: நேஷனல் லீகின் 150 ஆண்டுகள்

1876 பிப்ரவரி 2ஆம் தேதி, நியூயார்க்கின் கிராண்ட் சென்ட்ரல் ஹோட்டலில் சில பேஸ்பால் கிளப்புகளின் நிர்வாகிகள் ஒன்றுகூடினார்கள். அவர்களை வரவழைத்தவர் சிகாகோ கிளப்பின் தலைவர் வில்லியம் ஹல்பர்ட். நிலக்கரி வியாபாரி, கறாரான மனிதர். அன்று அங்கே பிறந்ததுதான் நேஷனல் லீக். 2026 பிப்ரவரியோடு அதற்கு 150 ஆண்டுகள் நிறைந்தன.

இந்த அமைப்பின் வரலாற்றைச் சாம்பியன்களின் வரிசையாக எழுதியவர்கள் பலர். நான் ஆட்ட அட்டவணை வழியாகச் சொல்ல ஆசைப்படுகிறேன். பருவம் தொடங்கும் முன் ஊரறிய அறிவித்த ஆட்டங்களைப் பருவம் முடிவதற்குள் ஆடித் தீர்ப்பவர்களின் கூட்டம்தான் லீக். மற்றதெல்லாம் அதற்குப் பிறகு வந்தவை.

ஹல்பர்ட்டுக்கு முன்பு, 1871 முதல் 1875 வரை இருந்த நேஷனல் அசோசியேஷனில் இந்த ஒழுங்கு கிடையாது. 10 டாலர் கட்டினால் எந்தக் கிளப்பும் சேரலாம். யார் யாரோடு எப்போது ஆடுவது என்பதைக் கிளப்புகளே தங்களுக்குள் பேசி முடித்துக்கொள்ளும். தோற்றுக்கொண்டிருக்கும் அணிக்கு ரயில் செலவு செய்து தொலைதூர நகரம் போக மனம் வராது, போகாமலே இருந்துவிடும். புதிய லீக் இதை அடியோடு மாற்றியது. 8 கிளப்புகள்; ஒவ்வொன்றும் மற்ற 7 கிளப்புகளோடு தலா 10 ஆட்டம்; ஆகமொத்தம் 70. நுழைவுக் கட்டணம் 100 டாலர். ஏப்ரல் 22 அன்று பிலடெல்பியாவில் முதல் ஆட்டம் நடந்தது. பாஸ்டன் 6-5 என்ற கணக்கில் வென்றது.

சோதனை அந்த ஆண்டே வந்தது. பருவத்தின் கடைசிக் கட்டத்தில், மேற்கு நகரங்களுக்குச் செல்ல வேண்டிய பயணத்தை நியூயார்க் மியூச்சுவல்ஸும் பிலடெல்பியா அத்லெட்டிக்ஸும் கைவிட்டன. பணமில்லை, பட்டம் வெல்லும் வாய்ப்பும் இல்லை. அத்லெட்டிக்ஸ் 60 ஆட்டத்தோடும் மியூச்சுவல்ஸ் 57 ஆட்டத்தோடும் நின்றுகொண்டன. அவை இருந்தது நாட்டின் மிகப் பெரிய இரண்டு நகரங்களில். அவற்றின் ரசிகர் கூட்டத்தை இழந்தால் லீகே பிழைக்குமா என்று அஞ்ச நியாயம் இருந்தது. ஆனாலும் அந்த டிசம்பரில் லீகின் தலைமைப் பொறுப்புக்கு வந்த ஹல்பர்ட் இரண்டையும் நீக்கினார். 1883 வரை நேஷனல் லீகில் நியூயார்க்கும் இல்லை, பிலடெல்பியாவும் இல்லை. 150 ஆண்டு வரலாற்றில் இதைவிடத் துணிச்சலான முடிவு வேறில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

அதன்பின் அட்டவணை வளர்ந்த விதத்தில் ஓர் அழகான கணக்கு இருக்கிறது. 8 கிளப் இருந்தால் எதிரிகள் 7. எனவே பருவத்தின் நீளம் ஏழின் மடங்காகத்தான் கூடும். 70 என்பது 84 ஆனது, 1883இல் 98, அடுத்த ஆண்டு 112, 1886இல் 126, 1888இல் 140. ஒவ்வொரு எதிரியோடும் கூடுதலாக இரண்டு ஆட்டம், அதில் ஒன்று சொந்த மைதானத்தில், ஒன்று எதிரியின் ஊரில். 1892இல் கிளப்புகள் 12 ஆகப் பெருகியபோது 11 எதிரிகளோடு தலா 14 ஆட்டம் என்று 154ஐத் தொட்டார்கள். அது தாங்காமல் அடுத்த ஆண்டே 132க்கு இறங்கினார்கள்.

இந்த வளர்ச்சியின் பாரம் விழுந்தது பிட்சர்களின் தோளில். 1876இல் சிகாகோ ஆடிய 66 ஆட்டங்களில் 52 வெற்றி. அதில் 47 வெற்றி ஆல்பர்ட் ஸ்பால்டிங் ஒருவர் எறிந்து பெற்றவை. மறு ஆண்டு லூயிவில் அணிக்காக ஜிம் டெவ்லின் பருவத்தின் எல்லா இன்னிங்ஸையும் தாமே எறிந்தார். 60, 70 ஆட்டப் பருவத்தில் அது நடக்கும். 112 ஆனபோது? 1884இல் பிராவிடன்ஸ் அணியின் சார்லஸ் ராட்போர்ன் 73 ஆட்டங்களைத் தொடங்கி, 73ஐயும் தாமே முடித்தார். மொத்தம் 678 இன்னிங்ஸ். அந்த ஒரு பருவம் அவர் கையை என்ன பாடுபடுத்தியிருக்கும் என்று எண்ணும்போது மனம் கனக்கிறது. இன்று ஒரு பெரிய லீக் பிட்சர் பருவத்துக்கு 200 இன்னிங்ஸ் எறிந்தாலே பெரிய உழைப்பாளி என்று பெயர். ஐந்து பேர் முறைவைத்து எறிவதால் ஒருவருக்கு 32, 33 ஆட்டம்தான் வரும்.

1901இல் பான் ஜான்சனின் அமெரிக்கன் லீக் சரிசமமான போட்டியாளராக எழுந்தது. 1903இல் இரு லீகுகளும் சமாதானமாயின. 1904 முதல் இரண்டுக்கும் 154 ஆட்டம். எட்டு கிளப், ஏழு எதிரி, ஒவ்வொருவரோடும் 22. 11 இங்கே, 11 அங்கே. எவரும் குறை சொல்ல முடியாத நேர்மையான பங்கீடு. இரண்டாம் உலகப் போரின் நடுவிலும் இந்த 154 நின்றது. ஆட்டம் தொடரட்டும் என்று 1942 ஜனவரியில் அதிபர் ரூஸ்வெல்ட் எழுதிய கடிதம் அதற்குத் துணை நின்றது. முதல் உலகப் போரில்தான் தடுமாறியது: 1918 பருவம் செப்டம்பர் தொடக்கத்திலேயே நிறுத்தப்பட்டது, 1919இல் 140 ஆட்டம் மட்டுமே.

அரை நூற்றாண்டுக்கும் மேலாக நிலைத்த 154ஐ அசைத்தது விமானம். 1958இல் டாட்ஜர்ஸும் ஜயன்ட்ஸும் கலிபோர்னியாவுக்குக் குடிபெயர, ரயிலால் வரையறுக்கப்பட்டிருந்த பெரிய லீகின் மேற்கு எல்லை செயின்ட் லூயிஸ், கன்சாஸ் சிட்டியைத் தாண்டிப் பசிபிக் வரை போயிற்று. 1961இல் அமெரிக்கன் லீக் 10 கிளப்பாக விரிந்தது. நேஷனல் லீக் 1962இல் ஹூஸ்டனையும் நியூயார்க் மெட்ஸையும் சேர்த்துக்கொண்டது. ஒன்பது எதிரியோடு தலா 18 ஆட்டம்: 162. அந்தக் கணக்கு பொருந்தியது சில ஆண்டுகள்தான். பிறகு லீகுக்கு 12 கிளப்புகள் ஆயின, பிரிவுகள் வந்தன, இன்று இரு லீகிலும் சேர்த்து 30 கிளப்புகள். 2023 முதல் எல்லாக் கிளப்பும் எல்லாக் கிளப்போடும் மோதுகின்றன. ஒன்பதால் பிறந்த 162 மட்டும் அசையவில்லை.

எட்டு ஆட்டம் கூடியதன் விலையை ரோஜர் மாரிஸ் கொடுத்தார். 1927இல் பேப் ரூத் அடித்த 60 ஹோம் ரன் 154 ஆட்டப் பருவத்தின் சாதனை. 1961 ஜூலையில், யாங்கீஸ் அணியின் மாரிஸும் மிக்கி மேன்டிலும் அதைத் துரத்திக்கொண்டிருந்தபோதே, ஆணையர் ஃபோர்ட் ஃபிரிக் ஒரு தீர்ப்புச் சொன்னார்: 154 ஆட்டத்துக்குப் பிறகு முறியடித்தால் அது தனிக் குறியோடு பதிவாகும். ஃபிரிக் முன்பு பத்திரிகையாளர். ரூத்தின் பெயரில் கட்டுரைகள் எழுதிக் கொடுத்தவர். செப்டம்பர் 20இல் பால்டிமோரில் கெடு முடிந்தபோது மாரிஸ் கணக்கில் 59. அக்டோபர் 1, பருவத்தின் கடைசி நாள், யாங்கீ ஸ்டேடியத்தில் பாஸ்டனின் டிரேசி ஸ்டாலர்ட் எறிந்த பந்தை வலப்புற இருக்கைகளுக்கு அனுப்பி 61ஐ முடித்தார். அத்தனை பெரிய அரங்கில் அன்று இருந்தவர்கள் 23,154 பேர் மட்டுமே. அந்தப் பாகுபாட்டை நீக்கியது 1991இல் கூடிய குழு. மாரிஸ் 1985இலேயே இறந்துவிட்டார். அட்டவணையை நீட்டியவர்கள் நிர்வாகிகள், அதற்காக ஓர் ஆட்டக்காரரைக் குறைத்து மதிப்பிட்டது அநியாயம்.

அறிவித்ததை ஆடி முடிப்பது என்ற வாக்கு பின்னாளில் உடைந்தபோதெல்லாம் அதன் தழும்பு புள்ளிப் பட்டியலில் தெரிந்தது. 1972 வேலைநிறுத்தத்தில் 86 ஆட்டங்கள் ரத்தாயின; அவற்றைத் திரும்ப ஆடுவதில்லை என்று முடிவாயிற்று. டெட்ராய்ட் 156 ஆட்டத்தில் 86 வெற்றி, பாஸ்டன் 155 ஆட்டத்தில் 85 வெற்றி. இரண்டுக்கும் தோல்வி 70. ஆடப்படாத ஓர் ஆட்டத்தால் பாஸ்டனுக்குப் பிரிவுப் பட்டம் போயிற்று. 1981இல் 713 ஆட்டங்கள் காணாமல் போக, பருவத்தை இரு பாதியாகப் பிரித்து ஒவ்வொரு பாதிக்கும் ஒரு முதலிடம் என்றார்கள். முழு ஆண்டுக் கணக்கில் எல்லோரையும்விட அதிக விழுக்காடு வென்ற சின்சினாட்டி, இரு பாதியிலும் இரண்டாமிடம் என்பதால் அடுத்த சுற்றுக்கே போகவில்லை. 1994 ஆகஸ்ட் 12இல் தொடங்கிய வேலைநிறுத்தம் பருவத்தின் இறுதிப் போட்டியான உலகத் தொடரையே விழுங்கியது. 1995இல் 144 ஆட்டம். 2020 பெருந்தொற்றில் 60.

அந்த 60 ஒரு நல்ல காரியத்துக்கும் உதவியது. நேஷனல் லீக் உட்பட வெள்ளையர் நடத்திய லீகுகள் கறுப்பின ஆட்டக்காரர்களை 1947 வரை வெளியே நிறுத்தியிருந்தன. ரூப் ஃபாஸ்டர் 1920இல் தொடங்கியது போன்ற கறுப்பின லீகுகளின் அட்டவணை குறுகியது. ஊர் ஊராகச் சென்று ஆடும் காட்சி ஆட்டங்களில்தான் அவர்கள் பிழைப்பு நடந்தது. குறைந்த ஆட்டங்கள் என்பதே அவர்களின் புள்ளிவிவரத்தை ஒதுக்கச் சொல்லப்பட்ட சாக்குகளுள் ஒன்று. பெரிய லீகே 60 ஆட்டத்தோடு ஒரு பருவத்தை முடித்தபிறகு அந்தச் சாக்கு செல்லுபடியாகவில்லை. 2020 டிசம்பரில் அவை பெரிய லீகுகளாக அங்கீகரிக்கப்பட்டன. 2024 மே மாதம் கறுப்பின லீக் ஆட்டக்காரர் ஜாஷ் கிப்சனின் .372 வாழ்நாள் சராசரி பட்டியலின் உச்சியில் ஏறியது. வெகு தாமதமான நீதி.

ஐபிஎல் அணி லீக் சுற்றில் 14 ஆட்டம் ஆடுவதைப் பார்த்துப் பழகிய நமக்கு 162 மலைப்பாக இருக்கலாம். மார்ச் கடைசியிலிருந்து செப்டம்பர் கடைசி வரை சுமார் 186 நாளில் இத்தனையும் முடிய வேண்டும். இந்த நாட்கணக்கில் ஆட்டக்காரரின் தலைவிதியே அடங்கியிருக்கிறது. 172 நாள் அணியில் இருந்தால் ஓர் ஆண்டுச் சேவை. ஆறு ஆண்டு சேவை முடிந்தால்தான் விரும்பிய கிளப்புக்குப் போகும் சுதந்திரம். 2015இல் சிகாகோ கப்ஸ் இளைஞர் கிரிஸ் பிரையன்ட்டைப் பெரிய அணிக்கு அழைத்தது ஏப்ரல் 17இல். அந்த ஆண்டு அவர் கணக்கில் ஏறியது 171 நாள். ஒரு நாள் குறைந்ததில் சுதந்திரம் ஓராண்டு தள்ளிப்போனது. முறையீட்டிலும் அவர் தோற்றார்.

பெரிய லீகுக்குக் கீழே இறங்க இறங்க அட்டவணை சுருங்கும். டிரிபிள்-ஏ படிக்கு 150, டபுள்-ஏ படிக்கு 138, ஏ நிலைகளுக்கு 132, புதியவர்களின் பயிற்சி முகாம் லீகில் சுமார் 60. 2021 முதல் செவ்வாய் தொடங்கி ஞாயிறு வரை ஒரே ஊரில் ஆறு ஆட்டம், திங்கள் ஓய்வு; பஸ் பயணத்தின் அலைச்சலைக் குறைத்த நல்ல ஏற்பாடு. ஆனால் இந்தப் படிகளில் பருவத்தின் நீளம் வெகுகாலம் சம்பளத்தின் நீளமாகவும் இருந்தது. ஆடும் மாதங்களுக்கு மட்டுமே கூலி. குளிர்காலத்தில் வேறு வேலை தேடியாக வேண்டும். 2022இல் இவர்களும் தொழிற்சங்கத்தில் சேர்ந்தார்கள். 2023 ஒப்பந்தத்தில் டிரிபிள்-ஏ குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளம் 17,500 டாலரிலிருந்து 35,800 ஆயிற்று.

விதிவிலக்கான படி ஒன்றும் இருந்தது. குளிர் தெரியாத கலிபோர்னியாவின் பசிபிக் கோஸ்ட் லீக், பெரிய லீகைவிட நீண்ட பருவம் ஆடியது. 1905இல் சான் பிரான்சிஸ்கோ சீல்ஸ் ஆடியது 230 ஆட்டம். 1925இல் டோனி லசேரி 197 ஆட்டங்களில் 60 ஹோம் ரன் அடித்ததும், 1933இல் 18 வயது ஜோ டிமாஜியோ தொடர்ந்து 61 ஆட்டங்களில் ஹிட் அடித்ததும் அங்கேதான்.

கல்லூரியில் அட்டவணையைத் தீர்மானிப்பது வகுப்பறை. முதல் பிரிவுக் கல்லூரிகளுக்கு உச்சவரம்பு 56 ஆட்டம். வெள்ளி, சனி, ஞாயிறு மூன்று, வாரநடுவில் ஒன்று என்று பிப்ரவரி நடுவிலிருந்து சுமார் 14 வாரம். பிறகு வெளியேற்றுச் சுற்றுகள். ஜூனில் ஒமாஹா நகரில் கல்லூரி உலகத் தொடர், 1950 முதல் அங்கேதான். உயர்நிலைப் பள்ளியில் மாநிலத்துக்கு மாநிலம் எண்ணிக்கை வேறுபடும். ஆட்டமே 7 இன்னிங்ஸ்தான். 2017 முதல் ஒவ்வொரு மாநிலமும் பிட்சர் எறியும் பந்துகளுக்கு வரம்பு வைத்தாக வேண்டும்.

கடைசிப் படி லிட்டில் லீக். 1939இல் பென்சில்வேனியாவின் வில்லியம்ஸ்போர்ட்டில் கார்ல் ஸ்டாட்ஸ் மூன்று அணிகளோடு தொடங்கியது. ஆறு இன்னிங்ஸ் ஆட்டம். பருவத்துக்கு 12 ஆட்டமாவது ஆட வேண்டும் என்று இங்கே குறைந்தபட்சம் சொல்கிறார்கள். அதிகபட்சம் விதிப்பது பிள்ளையின் கைக்கு: 11, 12 வயதுப் பிட்சருக்கு ஒரு நாளில் 85 பந்து, 66ஐத் தாண்டினால் நான்கு நாள் ஓய்வு. ராட்போர்ன் காலத்தில் யாரும் எண்ணாததை இன்று பெற்றோரும் பயிற்சியாளரும் ஒவ்வொரு பந்தாக எண்ணுகிறார்கள்.

வில்லியம்ஸ்போர்ட்டில் ஆகஸ்ட் மாதம் சிறுவர் உலகத் தொடர் நடக்கும்போது, 2017 முதல், 2020 நீங்கலாக, இரண்டு பெரிய லீக் அணிகளும் அந்தச் சிற்றூருக்கு வந்து ஓர் ஆட்டம் ஆடுகின்றன. பகலில் சிறுவர்களின் ஆட்டத்தை ஆட்டக்காரர்கள் பார்க்க, மாலையில் ஆட்டக்காரர்களின் ஆட்டத்தைச் சிறுவர்கள் பார்ப்பார்கள். அது காட்சி ஆட்டம் இல்லை. புள்ளிப் பட்டியலில் ஏறும் 162இல் ஒன்று.