காண்டா வாளிக் கணக்கு

எங்கள் தோட்டத்தில் ஒருவருக்கு வலி இருக்கிறதா இல்லையா என்று முடிவு செய்கிறவர் தோட்டத்து மருத்துவ உதவியாளரான டிரெசர்தான். சுங்கைப்பட்டாணிக்குப் பக்கத்தில் இருந்த ரப்பர் தோட்டம் அது. விடியுமுன்னே பெரட்டு, அதாவது ஆள் கணக்கெடுப்பு. கிராணி (எழுத்தர்) செக்ரோல் என்ற பேரேட்டைப் பிரித்துப் பேர் கூப்பிடுவார். உடம்பு முடியாதவர்கள் மட்டும் தனியாக ஓரத்தில் நிற்க வேண்டும். டிரெசர் வந்து நெற்றியைத் தொடுவார், நாக்கை நீட்டச் சொல்வார், கண்ணிமையை இழுத்துப் பார்ப்பார். உடம்பு சுட்டால் காய்ச்சல். காய்ச்சலென்றால் வீட்டுக்கு. இடுப்பு வலி, தோள்பட்டைக் குடைச்சல், மண்டையிடி இதற்கெல்லாம் தொட்டுப் பார்க்க என்ன இருக்கிறது? "போம்மா, நாலு மரம் வெட்டினா சரியாப் போயிரும்" என்பார். அம்மா பால் வெட்டுகிற உளியை எடுத்துக்கொண்டு தன் மர வரிசைக்கு, நிரைக்குப் போய்விடுவாள்.

அவரைக் கெட்டவர் என்று நான் சொல்லமாட்டேன். மலேரியாவில் துவண்ட எத்தனையோ பிள்ளைகளை அவர் கொடுத்த கொய்னாதான் காப்பாற்றியது. ஆனால் அவருக்குச் சம்பளம் கொடுப்பது தோட்டம். பத்துப் பேரை ஓரத்தில் நிறுத்திவிட்டால் பத்து நிரை வெட்டாமல் கிடக்கும், துரை கேட்பார். வேலைக்குப் போகாதவருக்கு அன்றைய கூலி இல்லை. அதனால் வலியைச் சொல்கிறவருக்கும் நஷ்டம், நம்புகிறவருக்கும் நஷ்டம். முப்பது வருடத்துக்கு மேல் தாதியாக வேலை பார்த்தவள் நான். பெரும்பகுதி அலோர் ஸ்டாரில். வார்டில் எங்கள் சனங்கள் வாய் திறக்காமல் படுத்திருப்பதைப் பார்க்கும்போதெல்லாம் அந்தப் பெரட்டுக் களம்தான் என் நினைவுக்கு வரும்.

அந்தத் தோட்டங்கள் வந்த கதை இது. 1909இல் சயாமோடு போட்ட ஒப்பந்தத்தில் கெடா ஆங்கிலேயர் பொறுப்புக்கு வந்தது. வடக்கே அலோர் ஸ்டாரைச் சுற்றி நெல்வயல் நெல்வயலாகவே இருந்தது. தெற்கே சுங்கைப்பட்டாணி, பீடோங், கூலிம் பக்கம் காடழித்து ரப்பர் போட்டார்கள்; கங்காணிகள் ஆளைத் திரட்டிக் கொண்டுவந்தார்கள். தோட்டத்தில் மருத்துவ வசதி இருக்க வேண்டும் என்று சட்டம் சொன்னது. பெரிய தோட்டங்களில் ஆஸ்பத்திரி. சின்னதில் ஒரு டிரெசர், ஒரு அலமாரி. அதில் கொய்னா, தண்ணி மருந்து, பிற்காலத்தில் ஏபிசி மாத்திரை. ஏபிசி என்பது ஆஸ்பிரின், ஃபெனாசிடின், காஃபின் மூன்றும் சேர்ந்தது. பல வருடம் விடாமல் தின்றால் ஃபெனாசிடின் சிறுநீரகத்தைக் கெடுக்கும் என்று பின்னால் தெரிந்துதான் பெரும்பாலான நாடுகளில் அதைக் கைவிட்டார்கள்.

மற்றபடி வலிக்கு மருந்து வீட்டில்தான். கோடாலித் தைலம் இல்லாத லயத்து வீட்டை நான் பார்த்ததில்லை. சுளுக்கெடுக்க ஒரு பாட்டி இருப்பார். ஆண்களுக்குக் கள்ளுக்கடை. பட்டணத்துக் கடைகளில் அரசாங்கமே சண்டு (புகைக்கிற அபின்) விற்றுக்கொண்டிருந்த காலம் ஒன்று இருந்தது. கெடா கஜானாவுக்கு அபினால் நல்ல வரும்படி. அதே அபினிலிருந்து எடுக்கிற மார்ஃபின், தோட்டத்து லயத்தில் புற்றுநோயோடு கிடந்தவருக்கு எட்டவில்லை.

என் தாத்தாவின் காலைப் பற்றி இங்கே சொல்லியாக வேண்டும். ஜப்பான்காரன் காலத்தில் சயாம் ரயில் பாதை போடக் கொண்டுபோனவர்களில் அவரும் ஒருவர். கெடா தோட்டங்களிலிருந்து லாரி லாரியாக ஏற்றினார்கள். 1943 அக்டோபரில் 415 கிலோமீட்டர் பாதை முடிந்தது. மூங்கில் கிழித்த சின்னக் காயம் புண்ணாகி எலும்புவரை அழுகும். வெள்ளைக்காரக் கைதிகளின் முகாமில் ராணுவ மருத்துவர்கள் இருந்தார்கள். மயக்க மருந்து இல்லாமலே கரண்டியால் அழுகலைச் சுரண்டி எடுத்தார்கள். தமிழ் முகாம்கள் பலவற்றில் அப்படிச் சுரண்டி விடவும் ஆளில்லை. தாத்தா நடந்தே திரும்பினார். கெண்டைக்காலில் உள்ளங்கை அகலத்துக்குப் பளபளவென்று ஒரு தழும்பு. மழை நாளில் அதன்மேல் கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பார். வலிக்கிறது என்று ஒரு நாளும் சொன்னதில்லை.

நான் தாதிப் பயிற்சிக்குப் போனபோது, வலியைப் பற்றிய பாடம் இருந்தது. கேட்கிற பழக்கம்தான் இல்லை. அறுவை சிகிச்சை முடிந்தால் டாக்டர் பெதிடின் எழுதிவைப்பார்: 'தேவைப்பட்டால், ஆறு மணி நேரத்துக்கு ஒரு தரம்.' அந்த ஊசியின் பலன் இரண்டு மூன்று மணி நேரத்தில் இறங்கிவிடும். மீதி நேரத்தை நோயாளி பல்லைக் கடித்துக்கொண்டு கழிக்க வேண்டும். மருந்து இருப்பது டிடிஏ (அபாயகர மருந்துச் சட்டம்) அலமாரியில், சாவி பொறுப்பாளரிடம். இரண்டு பேர் கையெழுத்துப் போட்டால்தான் ஒரு ஊசி வெளியே வரும். அதிகம் கொடுத்தால் பழகிப்போகும் என்று எல்லாருக்கும் பயம். சத்தம் போடுகிறவருக்கு ஊசி கிடைத்தது. அடங்கிக் கிடக்கிறவருக்குத் தேவையில்லை என்று நாங்களே முடிவுகட்டினோம். பெரட்டுக் களத்து டிரெசரை நான் எப்படிக் குறை சொல்வது?

ஓர் இரவு என்னால் மறக்க முடியாது. எந்த ஊர், எந்த வார்டு என்பது வேண்டாம், தவறு என்னுடையது. வயிற்றில் அறுவை சிகிச்சை முடிந்த ஒரு முதியவர், பால்மரம் வெட்டியவர். வார்டு வழக்கப்படி மலாயிலேயே கேட்டேன்: "சாக்கிட்?" அவர் சொன்னார்: "சிக்கிட்." கொஞ்சம்தானாம். நகர்ந்துவிட்டேன். நள்ளிரவு தாண்டி இரண்டு மணிக்குப் போர்வையைச் சரி செய்யப் போனால், இரண்டு கையும் கட்டில் கம்பியைப் பிடித்திருக்கின்றன, விரல் மூட்டெல்லாம் வெளுத்துப்போய். தலையணை வேர்வையில் நனைந்திருந்தது. நாடித்துடிப்பு 120. பத்து மணிக்கே 112 என்று நானே அட்டையில் எழுதியிருந்தேன். எழுதினேனே தவிரப் படிக்கவில்லை. "ஐயா, ஏன் சொல்லல?" என்று தமிழில் கேட்டேன். "சொல்லிப் பழக்கமில்ல மிஸ்ஸி."

மார்கோ மெக்காஃப்ரி என்ற அமெரிக்கத் தாதி 1968லேயே ஒன்றைச் சொல்லிவிட்டார்: அனுபவிக்கிறவர் எதை வலி என்கிறாரோ அதுதான் வலி, அவர் இருக்கிறது என்றால் இருக்கிறது. இன்று இது சாதாரணமாகத் தெரியும். ஓரத்தில் நின்ற என் அம்மாவை நினைத்துக்கொண்டு படித்தால் இதன் கனம் புரியும். தொட்டுப் பார்த்துச் சுட்டால்தான் நம்புவேன் என்கிற முறையை ஒரு தாதி தலைகீழாகத் திருப்பிவிட்டார்.

எங்கள் வார்டுக்கு அது வந்துசேர நாற்பது வருடம் பிடித்தது. 2008இல் சுகாதார அமைச்சு அரசு மருத்துவமனைகளில் வலியை ஐந்தாவது உயிர்க்குறியாக எடுத்துக்கொள்ளச் சொன்னது. காய்ச்சல், நாடி, மூச்சு, ரத்த அழுத்தம், அதோடு வலி. கையில் ஒரு அளவுகோல் கொடுத்தார்கள். பூஜ்யம் என்றால் வலியே இல்லை. பத்து என்றால் நினைத்துப் பார்க்கவே முடியாத வலி. மூன்றுவரை லேசு, நாலிலிருந்து ஆறு நடுத்தரம், ஏழிலிருந்து கடுமை. நாலைத் தொட்டால் தாதி சும்மா இருக்கக் கூடாது. மருந்து கொடுத்த அரை மணியிலிருந்து ஒரு மணிக்குள் திரும்பப் போய்க் கேட்க வேண்டும். மார்ஃபின் கொடுத்திருந்தால் எவ்வளவு மயக்கம், நிமிடத்துக்கு எத்தனை மூச்சு என்று எண்ண வேண்டும். எட்டுக்குக் கீழே போனால் ஆபத்து. குழந்தைகளுக்கு முகப் படங்கள். பேச வராத சிசுவுக்கு முகம், கால், அசைவு, அழுகை, தேற்றினால் தேறுகிறதா என்று ஐந்தையும் பார்த்து மதிப்பெண். மூன்று ஷிஃப்டிலும் ஒவ்வொரு கட்டிலிலும் யாரோ ஒருவர் நின்று, வலிக்கிறதா என்று கேட்டே ஆக வேண்டும் என்றானது. அதுதான் எனக்குப் பெரிது.

அமெரிக்காவில் இந்த ஐந்தாவது குறியே வம்பானது. எண் ஏறினால் அபின் வகை மாத்திரை என்று போய், பழக்கத்தில் விழுந்தவர்கள் ஏராளம். 2016இல் அங்குள்ள மருத்துவர் சங்கம் அதைக் கைவிடச் சொன்னது. எண்ணைக் கேட்டுவிட்டு அடுத்த கேள்வி கேட்காததால் வந்த வினை அது என்பது என் எண்ணம்.

அடுத்த கேள்வி, எப்படி வலிக்கிறது என்பது. மலாயில் சாக்கிட் என்றால் வலியும் அதுதான், நோயும் அதுதான். தமிழில் நமக்குச் சொல்லுக்குப் பஞ்சமில்லை. காலில் 'சுண்டி இழுக்குது', 'மொளகா அரைச்சுப் பூசின மாதிரி எரியுது' என்றால் நரம்பைச் சந்தேகிக்க வேண்டும். வழக்கமான வலி மாத்திரை அதற்கு அவ்வளவாகக் கேட்காது, வேறு மருந்து வேண்டும். 'முறுக்கி முறுக்கி விடுது' என்றால் குடலோ பித்தப்பையோ சிறுநீரகக் கல்லோ. 'விண்ணு விண்ணுன்னு தெறிக்குது' என்றால் கட்டுக்குள் சீழ் இருக்கலாம். 'நெஞ்சுல பாறையைத் தூக்கி வச்ச மாதிரி' என்று ஒருவர் சொன்னால் எண் கேட்டுக்கொண்டு நிற்கக் கூடாது, ஈசிஜி எடுக்க ஓட வேண்டும். மலாய் டாக்டரிடம் இதையெல்லாம் எடுத்துச் சொல்வது என் வேலையில் பாதியாக இருந்தது. மலாய்க்காரர்களுக்கும் அவர்கள் சொற்கள் உண்டு. வயல் வேலையில் இடுப்பொடிந்த மாக்சிக்குகள் (வயதான மலாய்ப் பெண்கள்) 'ஙிலு' என்று சொல்வதை நானும் கேட்டுக் கற்றுக்கொண்டேன்.

பணி ஓய்வுக்குக் கொஞ்ச நாள் முன்பு ஒரு பாட்டி வந்தார். எலும்பில் பரவிய புற்று. அளவுகோலைக் காட்டினேன். "பத்துன்னா என்ன தாயி? பத்து வெள்ளியா?" என்றார். கிண்டலில்லை, புரியாமல்தான் கேட்டார். செக்ரோலில் கைநாட்டு வைத்தே ஆயுளைக் கழித்தவர். அவர் தோளைப் பார்த்தேன். பால் வாளிகளை இருபுறமும் தொங்கவிட்டுத் தூக்கிய காண்டாக் கம்பு அழுத்தி அழுத்தி எலும்புக்குமேல் காய்த்துப்போயிருந்தது.

"பாட்டி, பால் தூக்கிக்கிட்டு ஸ்டோருக்கு வருவீங்கல்ல? காலி வாளின்னா வலி இல்ல. ரெண்டு வாளியும் தளும்பத் தளும்ப இருந்தா தாங்க முடியாத வலி. இப்ப எவ்வளவு?"

யோசிக்கவேயில்லை. "ரெண்டும் நெறஞ்சிருக்கு. மேட்டுல ஏறிக்கிட்டிருக்கேன்."

ஒன்பது என்று எழுதி, அடைப்புக்குள் வாளிக் கணக்கையும் எழுதினேன். டாக்டர் மார்ஃபின் நீர் மருந்து எழுதினார். ஒரு மணி கழித்துப் போய்க் கேட்டேன். "ஒண்ண எறக்கி வச்சிட்டேன். இன்னொண்ணுல பாதிக்கும் கொறைவு." முதுகுக்கு ஒரு தலையணை கொடுத்து, முழங்கால்களுக்கு இடையில் ஒன்று வைத்து, ஒருக்களித்துப் படுக்கவைத்தேன். மூச்சை எண்ணினேன், பதினாறு. அட்டையில் மூன்று என்று எழுதினேன்.

ஷிஃப்ட் மாறும்போது அடுத்து வந்த மலாய்ப் பெண்ணிடம் இதைச் சொல்லி ஒப்படைத்தேன். கைப்பையை எடுத்துக்கொண்டு வார்டு வாசலுக்கு வந்தபோது அவள் குரல் கேட்டது: "பெராப்பா பால்டி, பாட்டி?" எத்தனை வாளி என்கிறாள். பாட்டி ஒரு விரலை நீட்டி, பிறகு அதையும் பாதி மடக்கிக் காட்டினார்.