பெயரறி வித்தை

அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் (1929–2018) தம் எர்த்சீ கதைகளில் சிருஷ்டித்த கற்பனைச் சாஸ்திரம். 1964-இல் வெளிவந்த இரு சிறுகதைகளில் முளைவிட்டு, 1968-இன் நாவலில் முழுவடிவம் பெற்றது. ஆதிமொழியில் ஒரு பொருளின் மெய்ப்பெயரை அறிந்தவனே அதனை ஆளவல்லான் என்பது இதன் மூலதத்துவம். ஆயின், சமுத்திரத்தை வசப்படுத்த விழைவோன் அதன் பொதுப்பெயரோடு நில்லாது, விரிகுடா, நீரோட்டம், துளி என ஒவ்வொன்றின் பெயரையும் ஓதியுணர வேண்டுமாதலின், மந்திரப்பள்ளி அமைந்த ரோக் தீவின் தனிக்கோபுரத்தில் மாணாக்கர், நள்ளிரவில் மை மறைந்துபோகும் பட்டியல்களை அதற்குமுன் மனனம் செய்கின்றனர். சக்தியினும் கல்வியின் சிரமத்தை முன்வைத்த இப்பகுதியே, எம் கருத்தில், அந்நாவலின் மகத்தான இடம். மனிதர் அவ்வாதிமொழியில் பொய்யுரைத்தல் இயலாது. அதனையே சுபாவமொழியாகக் கொண்ட டிராகன்களுக்கோ அத்தடை இல்லை.