இருமுறை பறிபோன உரிமை: பினாங்கு நகரசபைத் தேர்தல் வரலாறு

ஒரு நாட்டின் சுதந்திரத்தை அளந்தறிய விரும்புவோர் பெரும்பாலும் அந்நாட்டின் பார்லிமெண்டையே நோக்குவர். ஆயினும், குடிமகன் வாசலில் ஓடும் சாக்கடையும், அவன் தெருவில் எரியும் விளக்கும், அவன் கடைக்கு வேண்டிய லைசென்ஸும், அவன் வீட்டின்மேல் விதிக்கப்படும் வரியும் பார்லிமெண்டில் தீர்மானிக்கப்படுவன அல்ல. அவை நகரசபையின் வேலைகள். சாதாரண மனிதன் நாள்தோறும் எதிர்ப்படும் அரசாங்கம் அதுவே. ஆதலின், நகரசபை நாற்காலியில் அமர்வோரை அமர்த்துபவர் யார் என்பது அற்பமான வினா அன்று. இவ்வினாவின் முக்கியத்தை உணர விரும்புவோர்க்குப் பினாங்குத் தீவின் சரித்திரம் நல்லதொரு பாடமாகும். இன்றைய மலேசியாவில் நகரசபைத் தேர்தலை முதலில் கண்டது அத்தீவு. அவ்வுரிமையை இருமுறை இழந்ததும் அத்தீவே.

பினாங்கு பெரிய தீவன்று. அதன் பரப்பு சுமார் 300 சதுர கிலோமீட்டர். 1786-ம் ஆண்டில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காகப் பிரான்சிஸ் லைட் அதனைக் கைக்கொண்டபின், ஜார்ஜ் டவுன் துறைமுகம் விரைந்து வளர்ந்தது. மலாய்க்காரரும், சீனரும், சூலியா வணிகர் என வழங்கப்பெற்ற தமிழ் முஸ்லிம்களும், பிற இந்தியரும் அங்கே குடியேறினர். ஊர் வளரவே சாலையும் குடிநீரும் துப்புரவும் வேண்டியவாயின. அவற்றுக்குப் பணமும், பணத்துக்கு வரியும் வேண்டியவாயின. 1800-ம் ஆண்டையொட்டியே வரி மதிப்பிடும் கமிட்டி ஒன்று அங்கு ஏற்பட்டது. 1857-ம் ஆண்டில் முறையான நகராட்சிச் சபை அமைந்தபோது, அதன் அங்கத்தினருள் சிலரை வரி செலுத்துவோர் தாமே தேர்ந்தெடுக்கலாயினர்.

இவ்வுரிமையை அளவுக்கு மீறிப் பாராட்டுவதற்கில்லை. சொத்தும் வரியும் உடையார்க்கே வோட்டு. உழைப்பு மட்டுமே உடையார்க்கு அஃது இல்லை. சாலைக்குக் கல் சுமந்த கூலியாள் அச்சாலையின் விஷயமாக வாய் திறக்க இடமில்லாதிருந்தது. எனினும், ஒரு கொள்கை அப்போது ஒப்புக்கொள்ளப்பட்டது. வரி கொடுப்பவனுக்கு, அவ்வரியைச் செலவிடுபவனைத் தெரிந்தெடுக்கும் பாத்தியதை உண்டு என்பதே அது.

1913-ம் ஆண்டின் முனிசிபல் சட்டம் அக்கொள்கையைத் துடைத்தெறிந்தது. அதன்பின் கமிஷனர்கள் யாவரும் கவர்னரால் நியமிக்கப்பட்டனர். நியமனம் பெற்றோர் எல்லாரும் தகுதியற்றவர் என்று நாம் கூறவில்லை. அவர்கள் காலத்திலும் நகரம் வளரவே செய்தது. ஆனால், நியமித்தவர் கவர்னர் ஆகையால், அவர்கள் பதில் சொல்லவேண்டிய இடமும் கவர்னர் மாளிகையாயிற்று. குடிகள் விண்ணப்பம் எழுதலாம். கணக்குக் கேட்டல் இயலாது. இந்நிலை 38 ஆண்டுகள் நீடித்தது. இடையில் ஜப்பானியர் ஆட்சியும் வந்து மறைந்தது.

உலக யுத்தத்திற்குப் பின் காலம் மாறிற்று. இந்தியாவும் பர்மாவும் இலங்கையும் விடுதலை பெற்றுவிட்ட நிலையில், மலாயா மக்களுக்குச் சுயாட்சிப் பயிற்சியை ஒத்திப்போடப் பிரிட்டிஷாரால் இயலவில்லை. 1950-ம் ஆண்டில் உள்ளாட்சித் தேர்தல் சட்டம் பிறந்தது. அச்சட்டத்தின்கீழ் மலாயாவின் முதல் தேர்தல் 1951-ம் ஆண்டு டிசம்பர் 1-ந் தேதி ஜார்ஜ் டவுனில் நடந்தது. சபையின் 15 இடங்களில் 9 இடங்கள் வோட்டர்களுக்கு விடப்பட்டன. தஞ்சோங், கெலாவை, ஜெலுத்தோங் என்னும் மூன்று வட்டாரங்களுக்கும் மும்மூன்று இடங்கள். டாக்டர் லிம் சோங் யூ தலைமை வகித்த ராடிக்கல் கட்சி 6 இடங்களைக் கைப்பற்றியது. அம்னோவும் தொழிற்கட்சியும் சுயேச்சை அபேட்சகர் ஒருவரும் ஆளுக்கு ஓரிடம் பெற்றனர்.

இத்தேர்தலின் தேதியை நேயர்கள் கருத்தில் இருத்தவேண்டும். மலாயாவின் முதல் பொதுத்தேர்தல் நடந்தது 1955-ம் ஆண்டு ஜூலையிலே. நாட்டை ஆள்வோரைத் தெரிந்தெடுக்கு முன்னரே, ஊரை ஆள்வோரைத் தெரிந்தெடுக்க மக்கள் கற்றுக்கொண்டனர். வோட்டுச் சீட்டு என்பது யாது, அபேட்சகரிடம் கேட்கவேண்டிய கேள்வி யாது, வாக்குத் தவறியவனை அடுத்த முறை என்ன செய்வது என்பனவற்றை இந்நாட்டு மக்கள் நகரசபைத் தேர்தல்களில்தான் முதன்முதலாகப் பயின்றனர். பார்லிமெண்டு ஜனநாயகத்திற்குத் திண்ணைப் பள்ளிக்கூடமாக இருந்தது நகரசபை.

1956-ம் ஆண்டில் ஜார்ஜ் டவுன் சபை முழுவதும் தேர்ந்தெடுக்கப்பட்ட சபையாயிற்று. மலாயாவில் இப்பேறு பெற்ற முதற் சபை அதுவே. 1957-ம் ஆண்டு ஜனவரி 1-ந் தேதி, எலிசபெத் அரசியாரின் சாசனத்தால் ஜார்ஜ் டவுன் மாநகரமாக உயர்ந்தது. அம்மாநகரத்தின் முதல் மேயராகத் தொழிற்கட்சியைச் சேர்ந்த டி. எஸ். இராமநாதன் என்னும் தமிழர் தேர்ந்தெடுக்கப்பெற்றார். நாடு சுதந்திரம் அடைவதற்கு எட்டு மாதங்களுக்கு முன் நிகழ்ந்தது இது. ஜார்ஜ் டவுன் சீனர் பெரும்பான்மையாக வாழ்ந்த நகரம். இந்தியர் அங்கே சிறுபான்மையினர். அந்நகரின் பிரதிநிதிகள் தம் முதல் மேயரைத் தேர்ந்தபோது, அவர் எவ்வினத்தார் என்பது தடையாக நிற்கவில்லை. இராமநாதன் 1961-ம் ஆண்டு வரை மேயராயிருந்தார். அவர் பெயர் தாங்கிய சாலை ஒன்று இன்றும் அந்நகரில் உண்டு.

மக்கள் தெரிந்தெடுத்த சபை குடிநீரையும் மின்சாரத்தையும் பஸ் போக்குவரத்தையும் தானே நடத்திற்று. ஆயர் ஈத்தாம் அணை 1962-ம் ஆண்டில் முடிந்தது இச்சபையின் காலத்திலேதான். சோஷலிஸ்ட் முன்னணி நகரசபையை ஆள, எதிர்க்கட்சியான கூட்டணி மாநில ஆட்சியில் இருந்தது. இருவருக்கும் பூசல் நேர்ந்தது உண்மையே. ஆனால் ஊருக்கு ஒரு கட்சியையும் மாநிலத்துக்கு வேறொரு கட்சியையும் தேரும் உரிமை மக்களுக்கு இருந்தது என்பதற்கு அப்பூசலே சாட்சி.

நிற்க. இந்தோனேசியா மலேசியாவை எதிர்த்து நடத்திய ‘மோதல்’ காலத்தில், 1965-ம் ஆண்டு மார்ச்சு 1-ந் தேதி, அவசரகால விதியின்கீழ் உள்ளாட்சித் தேர்தல்கள் நிறுத்திவைக்கப்பட்டன. நிலைமை சீரடைந்ததும் தேர்தல் திரும்பும் என்று மக்களுக்குக் கூறப்பட்டது. 1966-ம் ஆண்டு ஆகஸ்டில் இரு நாடுகளும் சமாதானம் செய்துகொண்டன. ஆயினும் தேர்தல் திரும்பவில்லை. அதே ஆண்டில் ஜார்ஜ் டவுன் சபையின் அதிகாரங்கள் மாநில முதலமைச்சர் கைக்கு மாறின. சபை நிர்வாகத்தில் முறைகேடு நிகழ்ந்தது என்பது கூறப்பட்ட காரணம்.

இதனிடையே, உள்ளாட்சி மன்றங்களை ஆராய அரசாங்கமே ஒரு விசாரணைக் கமிஷனை 1965-ம் ஆண்டில் நியமித்திருந்தது. அதன் தலைவர் செனட்டர் ஆதி. நாகப்பன், ஆளும் கூட்டணியைச் சேர்ந்த தமிழர். மன்றங்களில் குறைகள் உண்டு என்பதைக் கமிஷன் மறைக்கவில்லை. ஆயினும், குறைகளுக்கு மருந்து தேர்தலை ஒழிப்பதன்று என்றே அது கண்டது; தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றங்களே வேண்டும் எனப் பரிந்துரைத்தது. அவ்வறிக்கை பொதுமக்கள் கைக்கு வந்தது 1971-ம் ஆண்டின் இறுதியில். அரசாங்கம் அப்பரிந்துரையை ஏற்கவில்லை. 1976-ம் ஆண்டின் உள்ளாட்சிச் சட்டம், தன் 15-வது பிரிவினால், உள்ளாட்சித் தேர்தல் பற்றிய விதிகள் யாவும் செல்லாவென முடிவுகட்டிற்று. அதன்படி மன்ற அங்கத்தினரை மாநில அரசே நியமிக்கும். 1913-ல் கவர்னர் வீற்றிருந்த இடத்தில் இப்போது நம்மவர் வீற்றிருக்கின்றனர். வோட்டர் நின்ற இடம் மட்டும் அன்று போலவே வெறுமையாக இருக்கின்றது.

தேர்தல் வேண்டாம் என்போர் கூறும் காரணங்களை நேர்மையாக ஆராய்தல் நம் கடமை. தேர்ந்தெடுக்கப்பட்டோர் ஊழல் செய்தனர் என்பது ஒன்று. ஊழல் செய்தவனைத் தண்டிக்கச் சட்டமும், விலக்க வோட்டும் உண்டு. நியமிக்கப்பட்டவன் தவறு செய்தால் குடிகளிடம் இருப்பது சட்டம் ஒன்றே, வோட்டு இல்லை. வேலி பழுதென்று வயலையே விற்பார் உண்டோ?

இரண்டாவது காரணம் சற்றுக் கனமானது. நகரங்களில் ஓரினத்தார் மிகுந்திருப்பதால், தேர்தல் இனப் பூசலை விளைக்கும் என்பது அது. 2018-ம் ஆண்டில் புதிய அரசாங்கத்தில் தேர்தலைத் திருப்புவது பற்றிய பேச்சு எழுந்தபோது, பிரதமர் மகாதீர் முகம்மது இவ்வச்சத்தையே எடுத்துரைத்து மறுத்தார். பல இனத்தார் வாழும் நாட்டில் இவ்வச்சத்தை எள்ளி நகையாடுதல் தகாது. எனினும், அச்சத்தைச் சரித்திரத்தின் முன் நிறுத்திப் பார்த்தல் வேண்டும். ஜார்ஜ் டவுனில் பதினான்கு ஆண்டுகள் தேர்தல் முறை நிலவிற்று. வோட்டர்கள் கட்சியையும் கொள்கையையும் நோக்கினர். சீனர் மிகுந்த நகரம் தமிழர் ஒருவரை முதல் மேயராக ஏற்றது. ஓர் ஊரின் அனுபவம் நாடு முழுமைக்கும் முடிவான சான்றாகாது என்பது மெய்யே. ஆயினும் பூசல் நிச்சயம் என்போர், பூசலின்றி நடந்த இவ்வனுபவத்துக்கும் விடை கூறக் கடமைப்பட்டவர் ஆவர்.

பினாங்கு இதனை மறக்கவில்லை. 2012-ம் ஆண்டில் மாநிலச் சட்டமன்றம் உள்ளாட்சித் தேர்தலை மீட்கச் சட்டம் இயற்றிற்று. அரசியல் சாசனத்தின் மாநிலப் பட்டியலில் உள்ளாட்சித் தேர்தலும் அடங்கியிருத்தலே அதற்கு ஆதாரம். ஆனால் 2014-ம் ஆண்டில் கூட்டரசு நீதிமன்றம், 1976-ம் ஆண்டின் சட்டத்துக்கு மாறாக மாநிலம் சட்டம் செய்தல் இயலாது எனத் தீர்ப்பளித்தது. 2015-ம் ஆண்டில் தீவு முழுவதற்கும் மாநகரசபை அமைந்தது. அதன் மேயர்களும் நியமனம் பெற்றவர்களே. 2023-ம் ஆண்டில் அப்பதவிக்கு வந்த ஏ. இராஜேந்திரனும் இந்தியரே. இராமநாதனுக்கும் இவருக்கும் இடையே உள்ள வேற்றுமை திறமையைப் பற்றியதன்று. முன்னவரை மக்களின் பிரதிநிதிகள் அமர்த்தினர்; பின்னவரை மாநில அரசு அமர்த்தியது. இந்தியர் ஒருவர் உயர்ந்தார் என்று மகிழ்வதோடு நம்மவர் நின்றுவிடலாகாது. உயர்த்தும் கை யாருடையது என்றும் கேட்கவேண்டும்.

முதன்முறை இழந்த உரிமை 38 ஆண்டுகளில் திரும்பிற்று. அன்னிய கவர்னர் எடுத்ததை அன்னிய ஆட்சியே திருப்பிக் கொடுத்தது. இரண்டாம் முறை, தற்காலிகம் என்று சொல்லி எடுக்கப்பட்டு அறுபது ஆண்டுகள் கடந்துவிட்டன. இதனைத் திருப்பிக் கொடுக்கவேண்டியது பார்லிமெண்டு. அதற்குச் சட்டத்தைத் திருத்துதல் வேண்டும். அப்பார்லிமெண்டு மக்களின் வோட்டால் அமைவது. ஆகவே, அடுத்த பொதுத்தேர்தலில் வாசலுக்கு வந்து கைகூப்பும் அபேட்சகரிடம் ஒவ்வொரு வோட்டரும் இதனைக் கேட்கட்டும்: “என் தெருவை ஆள்வோரை நான் தெரிந்தெடுக்க நீர் சம்மதிப்பீரா?” ஆம், இல்லை என்ற இரண்டில் ஒன்றைச் சொல்லாமல் அவர் படியிறங்கக் கூடாது.